வங்காள நடிகை மாதபி முகர்ஜியை முதலில் எந்தப் படத்தில் பார்த்தீர்கள்?

நானே ஆரம்பிக்கிறேன். 'சாருலதா' (1964), ஒரு ஃபிலிம் சொசைட்டி திரையிடலில். முதல் சில நிமிடங்களில் பேச்சே அதிகம் இல்லை. எம்ப்ராய்டரி போடுகிறார், புத்தகம் தேடுகிறார், கைப்பிடி வைத்த சின்னத் தொலைநோக்கியோடு ஜன்னல் ஜன்னலாக ஓடித் தெருவில் போகிறவர்களை வேடிக்கை பார்க்கிறார். கணவர் புத்தகத்தில் கண்ணை வைத்தபடி பக்கத்திலேயே கடந்து போகிறார். மனைவி நிற்பது தெரியவில்லை. அவரையும் அதே தொலைநோக்கியால்தான் பார்க்கிறாள் சாரு! அழுகை கிடையாது, பெருமூச்சு கிடையாது. அலுப்பை இவ்வளவு துறுதுறுப்பாக நடிக்க முடியுமா? எல்லோரும் ஊஞ்சல் காட்சியைத்தான் சொல்வார்கள். எனக்கு இதுதான்.

* * *

எனக்கு 'மகாநகர்' (1963). பின்னல் இயந்திரம் விற்க வீடு வீடாக ஏறி இறங்கும் ஆரதி. முதல் சம்பளத்தோடு கண்ணாடி முன் நிற்கிற இடம் ஒன்று போதும். அம்மாவோடு உட்கார்ந்து பார்த்தேன். கணவனுக்கு வேலை போன நேரத்தில், ஆங்கிலோ இந்தியத் தோழி எடித்துக்கு நடந்த அநியாயத்தைத் தட்டிக்கேட்டு ஆரதி ராஜினாமா செய்கிறாள். "நல்ல பொண்ணுதான், ஆனா வாடகைக்கு என்ன பண்ணுவா?" என்றார் அம்மா.

* * *

இயக்குநர் சத்யஜித் ரேயின் இந்த இரண்டு படங்களோடு நிறுத்திவிடாதீர்கள் நண்பர்களே. அதற்கு முன்பே மிருணாள் சென்னின் 'பைஷே ஷ்ராவண்' (1960) வந்துவிட்டது. ரித்விக் கட்டக்கின் 'சுபர்ணரேகா' 1962-இல் எடுக்கப்பட்டு 1965-இல்தான் வெளியானது. வறுமையால் பாலியல் தொழிலுக்கு வரும் சீதாவின் வாசலில் குடிபோதையில் வந்து நிற்பது அவளை வளர்த்த அண்ணன். அங்கே படத்தை நிறுத்திவிட்டு, ஒரு டீ குடித்த பிறகுதான் மீதியைப் பார்த்தேன். இந்த மூவரிடமும் நாயகியாக நடித்தவர் என்பதற்காகவே அவரைத் தனியாகக் கொண்டாட வேண்டும்.

* * *

நான் பார்த்தது சுவரில்! 2001 மேற்கு வங்கத் தேர்தலில் ஜாதவ்பூர் தொகுதியில், அப்போதைய முதல்வர் புத்ததேவ் பட்டாச்சார்யாவை எதிர்த்துத் திரிணமூல் காங்கிரஸ் சார்பில் நின்றார். நான் அந்தப் பக்கம் தங்கியிருந்தேன். சுவரெழுத்தில் பெயரைப் படித்து, எந்த மாதபி என்று டீக்கடையில் கேட்டேன். 'சாருலதா'வைக் கூடப் பார்க்காதவனா என்று கடைக்காரர் முறைத்தார். தேர்தலில் அவர் தோற்றுவிட்டார், அது வேறு கதை.

* * *

சரி, அவருக்குத் தேசிய விருது வாங்கித் தந்த 'திபாராத்ரிர் காப்ய'வை யாராவது பார்த்திருக்கிறீர்களா? நல்ல பிரதி எங்கே கிடைக்கும்? சப்டைட்டில் இல்லாவிட்டாலும் பரவாயில்லை.