ஷின்யா சுகாமோட்டோ: எதில் தொடங்கலாம்?

கேள்வி:
ஸ்கார்செஸியின் ‘சைலன்ஸ்’ (2016) படத்தில், கடலில் நட்ட சிலுவையில் கட்டப்பட்டு, அலை முகத்தில் அறைய அறையத் துதிப்பாடல் பாடி உயிர்விடும் மோகிச்சியாக நடித்தவர், திகில் படங்களுக்குக் கதை எழுதி இயக்குபவரும் கூட என்று அண்மையில்தான் அறிந்தேன். அவருடைய படங்களை எந்த வரிசையில் பார்ப்பது நல்லது?

மறுமொழி 1:
தயக்கமின்றி ‘டெட்சுவோ’வில் (1989) தொடங்குங்கள். 16 மி.மீ. கறுப்பு வெள்ளைச் சுருளில் எடுக்கப்பட்ட, 67 நிமிடமே ஓடும் படம் அது. முகம் மழிக்கும் அலுவலக ஊழியர் ஒருவர் தம் கன்னத்தில் உலோக முள் முளைத்திருப்பதைக் காண்கிறார். பிறகு உடல் முழுவதும் இரும்பாகிறது. தொடக்கக் காட்சியில் தொடையைக் கிழித்து இரும்புக் கம்பியைச் செருகிக்கொள்பவர் சுகாமோட்டோவேதான். எழுத்து, இயக்கம், படத்தொகுப்பு ஆகியவற்றோடு ஒளிப்பதிவிலும் அவர் கை உண்டு. சாப்பிட்டுக்கொண்டே பார்க்க வேண்டாம்.

மறுமொழி 2:
முதல் படமாக அதைப் பரிந்துரைப்பது சற்றுக் கொடுமை. ‘டோக்கியோ ஃபிஸ்ட்’ (1995) பொருத்தமானது. அதில் அவருக்கு எதிராக நிற்கும் குத்துச்சண்டை வீரராக நடித்தவர் அவருடைய சொந்தத் தம்பி கோஜி. நடிகராக மட்டும் அவரை மதிப்பிட விரும்பினால், தகாஷி ஷிமிசு இயக்கிய ‘மாரெபிட்டோ’வில் (2004) அச்சத்தையே தேடி அலையும் ஒளிப்பதிவாளராக வருகிறார்.

கேள்வி கேட்டவர்:
நன்றி. குத்துச்சண்டையில் தொடங்கி, இரும்பைப் பிறகு பார்த்துக்கொள்கிறேன்.