மரவெட்டு வேண்டாம், ‘கட்டைச் செதுக்கு’ என்று வைக்கலாமா?

அன்புள்ள நண்பர்களுக்கு,

வில்லியம் ஜேம்ஸ் லிண்டன் (1812–1897) பற்றி நான் எழுதிக்கொண்டிருக்கும் கட்டுரை முதல் வரியிலேயே நிற்கிறது. ‘லிண்டன் ஓர் ஆங்கிலேய’ என்று எழுதிவிட்டு அடுத்த சொல்லுக்காக மூன்று நாளாகக் காத்திருக்கிறேன். வுட் என்கிரேவர், அதாவது அச்சடிப்பதற்காக மரக்கட்டையில் படம் செதுக்குகிற கலைஞர், என்பதற்கு இந்த இழையில் இதுவரை மரவெட்டுக் கலைஞர், மரச்செதுக்கர், மரப்பொறிப்பாளர் என்று மூன்று பரிந்துரைகள் வந்திருக்கின்றன. மூன்றிலும் எனக்கு மனம் ஒப்பவில்லை. ஏன் என்று கொஞ்சம் விரிவாகவே சொல்லிவிடுகிறேன், மடல் நீண்டால் பொறுத்துக்கொள்ளுங்கள்.

> கல்வெட்டு இருக்கும்போது மரவெட்டு இருக்கக்கூடாதா?

ஐயா, ஒப்புமை நல்லதுதான். பாத்திரக்கடையிலும் ‘பேர் வெட்டித் தருவோம்’ என்றுதான் சொல்கிறார்கள். சின்ன வயதில் அம்மாவுடன் போய், பித்தளைக் குடத்தைத் தொடைமேல் கவிழ்த்து வைத்துக்கொண்டு கடைக்காரர் ஒவ்வொரு எழுத்தாகத் தட்டிக்கொண்டே போனதைப் பார்த்தது இன்னும் கண்ணில் நிற்கிறது. ஆனால் மரவெட்டு என்று படிக்கிறவருக்குக் கோடாலியும் காடும்தான் முதலில் நினைவுக்கு வரும். அதைவிடப் பெரிய சிக்கல், வுட்கட் என்று வேறொரு கலை இருக்கிறது, ‘வெட்டு’ அதற்குத்தான் சரியாகப் பொருந்தும். இரண்டையும் ஒரே சொல்லில் அடைத்துவிட்டால் லிண்டன் வாழ்நாள் முழுக்க எதற்காக வாதாடினாரோ அதைச் சொல்லவே நமக்கு வழியில்லாமல் போய்விடும்.

வேறுபாடு மரத்தை அறுப்பதிலேயே தொடங்குகிறது. வுட்கட்டுக்கு மரத்தை நீளவாக்கில் அறுத்த பலகை. நார் ஒரு பக்கமாக ஓடும், கத்தியால் கோட்டின் இரண்டு ஓரங்களையும் வெட்டி நடுவில் கோட்டை நிற்க வைப்பார்கள், நாருக்குக் குறுக்கே ரொம்ப மெல்லியதாகப் போனால் சிராய் பெயர்ந்துவிடும். வுட் என்கிரேவிங்குக்கு அப்படி இல்லை. வெங்காயத்தை வட்டம் வட்டமாக நறுக்குவோமே, அதுபோல மரத்தண்டைக் குறுக்கே அறுத்து, அந்த வெட்டு முகத்தைக் கண்ணாடி மாதிரி இழைத்துக்கொள்வார்கள். நார்களின் நுனி எல்லாம் மேல்நோக்கி நிற்பதால் உளியை எந்தப் பக்கம் தள்ளினாலும் ஒரே சீராகப் போகும். மரமும் சாதாரண மரமில்லை, பாக்ஸ்வுட் என்று மிக மெதுவாக வளர்கிற, இழை நெருங்கிய, கெட்டியான மரம். கருவியும் கத்தி இல்லை, செப்புத் தகட்டில் வேலை செய்கிறவர்கள் உள்ளங்கையில் பிடியை அழுத்தித் தள்ளுகிற ப்யூரின் என்ற சிற்றுளி. தோல் பையில் மணலை நிரப்பி அதன்மேல் கட்டையை வைத்துக்கொண்டு, வளைகோடு வரும்போது கட்டையைத்தான் திருப்புவார்கள். இருட்டிய பிறகு விளக்குக்கு முன்னால் தண்ணீர் நிரப்பிய கண்ணாடி உருண்டையை வைத்து வெளிச்சத்தை அந்தச் சின்ன முகத்தில் குவிப்பார்கள்.

இந்த முறையை ஒரு பெரிய கலையாக வளர்த்தெடுத்தவர் நியூகாசில் நகரத்துத் தாமஸ் பியூவிக். அவர் 1828இல் காலமானார், அதே ஆண்டில்தான் லண்டனில் லிண்டன் என்ற பையன் ஜார்ஜ் பானர் என்பவரிடம் இந்தத் தொழிலைக் கற்கச் சேர்ந்தான்.

இப்போது பொறிப்புக்கு வருகிறேன்.

> எதில் செய்தாலும் என்கிரேவிங் என்றால் பொறிப்பு. மரப்பொறிப்பு என்பதே போதும்.

செம்புக்கும் எஃகுக்கும் பொறிப்பு மிகப் பொருத்தம், செப்பேடு நம் கையிலேயே இருக்கிறது. தகட்டில் கீறிய பள்ளத்தில் மை இறங்கி உட்காரும், மேல்பரப்பைத் துடைத்துவிட்டு உருளை இயந்திரத்தில் பலமாக அழுத்தினால் பள்ளத்தில் உள்ள மை தாளில் ஏறும். பொறித்த கோடு கறுப்பாக விழும். கட்டையில் நடப்பது நேர்மாறு. மை மேட்டில் பூசப்படுகிறது, உளி போன பள்ளம் தாளில் வெள்ளையாக நிற்கிறது. கட்டையை ஈய அச்செழுத்தின் உயரத்துக்கே அறுத்துக்கொண்டால் எழுத்தோடு சேர்த்து ஒரே பக்கத்தில் பூட்டி ஒரே ஓட்டத்தில் அடித்துவிடலாம், தகட்டுக்கு அந்த வசதி இல்லை. பத்தொன்பதாம் நூற்றாண்டில் படப் பத்திரிகை என்ற ஒன்று சாத்தியமானதற்கு இந்த உயரக் கணக்குதான் காரணம். தி இல்லஸ்ட்ரேட்டட் லண்டன் நியூஸ் 1842இல் தொடங்கியது, அதே ஆண்டில்தான் லிண்டன் அதே தொழில்காரரான ஜான் ஓரின் ஸ்மித்துடன் கூட்டுச் சேர்ந்து பட்டறை நடத்தத் தொடங்கி அந்தப் பத்திரிகைக்கும் வேலை செய்தார். அடுத்த ஆண்டே ஸ்மித் இறந்துபோக, பட்டறையின் பாரம் முழுக்க லிண்டன் தலையில்.

பாக்ஸ்வுட் தண்டு அதிகம் பருப்பதில்லை. அதனால் பெரிய படத்துக்குப் பல கட்டைகளை ஒட்டியோ பின்பக்கம் திருகாணியால் முடுக்கியோ ஒன்றாக்க வேண்டியிருந்தது. அவசரம் என்றால் படம் வரைந்ததும் கழற்றி ஆளுக்கு ஒரு துண்டாகக் கொடுத்து, இரவோடு இரவாகச் செதுக்கி மறுபடி பூட்டுவார்கள். அந்தக் காலத்துப் பத்திரிகைப் பக்கத்தை உருப்பெருக்கிப் பாருங்கள், சில படங்களில் வானத்தின் நடுவே மயிரிழை போல ஒரு நேரான வெள்ளைக் கோடு மேலிருந்து கீழே இறங்கும். அது கட்டைகள் சேர்ந்த இடம்.

இப்படி ஆலைவேலையாக ஆனதுதான் லிண்டனுக்கு வலித்தது. ஓவியர் பேனாவால் வரைந்த கறுப்புக் கோட்டை அப்படியே விட்டுவிட்டு, அதைச் சுற்றியுள்ள வெள்ளையைத் தோண்டி எடுப்பது ஒரு வகை. அதில் செதுக்குகிறவருக்குச் சொந்தமாகச் சொல்ல எதுவுமில்லை. பியூவிக்கின் வழி வேறு. உளியே தூரிகை. இருட்டிலிருந்து வெளிச்சத்தைக் கோடு கோடாக எடுப்பது. லிண்டன் கடைசிவரை நின்றது இந்த வெண்கோட்டின் பக்கம். 1866இல் அமெரிக்காவுக்குப் போனார், அங்கே புகைப்படத்தைக் கட்டையின்மேல் ஏற்றித் தூரிகைத் தடத்தைக்கூட நகலெடுத்த இளம் தலைமுறையோடு 1879இல் பத்திரிகையில் கடுமையாகவே மோதினார். பிறகு இந்தக் கலையின் மேதைகளைப் பற்றி ஒரு பெரிய நூலே எழுதி 1889இல் வெளியிட்டார். சில இளைஞர்களை அவர் அதிகமாகவே தாக்கிவிட்டார் என்று எனக்குப் படுகிறது. ஆனாலும் செதுக்குகிறவன் வெறும் கைக்கருவி அல்ல என்ற அவருடைய பிடிவாதத்தை நான் மதிக்கிறேன்.

அந்தப் பிடிவாதத்தை அவருடைய அரசியலிலிருந்து பிரித்துப் பார்க்க முடியவில்லை. சாதாரண உழைப்பாளிக்கு வாக்குரிமை கேட்ட சார்ட்டிஸ்ட் இயக்கத்துக்காரர், குடியரசுவாதி. நம் பாரதி பாடிய அதே இத்தாலிய விடுதலைப் போராளி மாஜினிக்கு லண்டனில் நெருங்கிய நண்பர். மாஜினிக்கு வரும் கடிதங்களை அஞ்சல் துறை ரகசியமாகப் பிரித்துப் பார்த்தது 1844இல் நாடாளுமன்றம்வரை போய் நாறியதே, அதை வெளிக்கொண்டுவந்தவர்களில் லிண்டனும் ஒருவர். 1852இல் வட இங்கிலாந்தின் கோனிஸ்டன் ஏரிக்கரையில் பிராண்ட்வுட் என்ற வீட்டில் குடியேறி அங்கேயே அச்சகம் போட்டுக் குடியரசு இதழ் அடித்தார். 1871இல் அந்த வீட்டை 1500 பவுண்டுக்கு வாங்கியவர் கலை விமர்சகர் ஜான் ரஸ்கின், இன்று ஊர் உலகத்துக்கு அது ரஸ்கின் வீடு மட்டும்தான். அப்புறம் இன்னொன்று, பதின்மூன்று வயதுப் பையன் ஒருவனின் ஓவியங்களைப் பார்த்துவிட்டு, வழக்கமாக வாங்கும் பயிற்சிப் பணம்கூட வாங்காமல் 1859இல் சேர்த்துக்கொண்டார். அந்தப் பையன்தான் பின்னாளில் குழந்தைகள் நூல்களுக்கு வரைந்து புகழ்பெற்ற ஓவியர் வால்ட்டர் கிரேன்.

சரி, சொல்லுக்கு வருகிறேன். தமிழில் நீளவாக்கில் அறுத்தால் பலகை, திரண்ட துண்டு என்றால் கட்டை. நம் தச்சர்கள் இரண்டையும் ஒருநாளும் குழப்புவதில்லை. துணியில் பூ அடிக்கிற கருவியையும் அச்சுக்கட்டை என்றுதானே சொல்கிறோம். அதனால் வுட்கட்டுக்குப் ‘பலகை வெட்டு’, வுட் என்கிரேவிங்குக்குக் ‘கட்டைச் செதுக்கு’. பலகையும் கத்தியும் வெட்டும் ஒரு பக்கம், கட்டையும் உளியும் செதுக்கும் இன்னொரு பக்கம். ‘மரச்செதுக்கு’ என்று விட்டால் தேர்ச் சிற்பமும் நிலைக்கதவும் வந்து நிற்கும், அதனால்தான் மரத்தைத் தவிர்க்கிறேன். தாளில் கிடைக்கும் படம் ‘செதுக்கச்சு’.

‘செதுக்கு’ என்பதற்கு இன்னொரு ஆதாரமும் உண்டு. அந்தக் காலப் படங்களின் கீழ்மூலையில் செதுக்கியவர் பெயருக்குப் பக்கத்தில் பெரும்பாலும் ‘எஸ் சி’ என்று இரண்டே எழுத்து இருக்கும். ‘ஸ்கல்ப்சிட்’ என்ற லத்தீன் வினையின் சுருக்கம், ‘செதுக்கினார்’ என்று பொருள். சிற்பிக்குச் சொல்கிற அதே வினை. அவர்களே தங்கள் வேலையை அப்படித்தான் கையெழுத்திட்டிருக்கிறார்கள்.

> கட்டை என்றால் விறகும் பிணமும் நினைவுக்கு வராதா?

வரலாம், அம்மா. தனியாக நின்றால் வரும். ‘செதுக்கு’ பக்கத்தில் நிற்கும்போது எனக்கு வரவில்லை, வீட்டில் இரண்டு பேரிடம் படித்துக் காட்டினேன், அவர்களுக்கும் வரவில்லை. உங்களுக்கு இன்னும் உறுத்தினால் ‘அச்சுக்கட்டைச் செதுக்கு’ என்று முழுதாக எழுதலாம், நீளம்தான் கூடும்.

கலைஞருக்குச் செதுக்கர் வேண்டாம், ‘செதுக்குநர்’ என்று வைக்கிறேன், ஓட்டுநர், இயக்குநர் வரிசையில் இயல்பாக உட்காருகிறது. ப்யூரினுக்குச் ‘செதுக்குளி’. வெண்கோடு அப்படியே இருக்கட்டும். அதன் எதிர்ப்பக்கத்துக்குக் ‘கருங்கோடு’ என்று எழுதியிருக்கிறேன், இது மட்டும் மை பூசிய கோட்டைக் குறிப்பதாகத் தவறாகப் படிக்கப்படுமோ என்று தயக்கம். ‘விடுகோடு’ என்றும் யோசித்தேன், செதுக்காமல் விட்ட கோடு என்ற பொருளில். இரண்டில் எது சரி என்று சனிக்கிழமைக்குள் சொல்லுங்கள், ஞாயிறு காலையில் கட்டுரையை ஏற்றிவிடுகிறேன்.

அன்புடன்