கொழுக்குமலை உச்சியில் தாலி கட்டலாமா, பதிவு ஆபீஸில் முடித்துவிட்டு ஏறலாமா?

கம்பம்_கதிர்: தை மாசக் கல்யாணம், ஜனவரிக் கடைசி. மண்டபம் வேண்டாம், கேமராக்காரரோட சேர்த்து மொத்தமே பத்துப் பேர். பொண்ணு மாப்பிள்ளை ரெண்டு பேரும் இந்து. சூரியன் கிளம்புற நேரத்துல தாலி கட்டணும்னு ஆசை. கொழுக்குமலையா, ஆந்திராவுல கண்டிக்கோட்டாவா?

போடிமெட்டு: கொழுக்குமலை. காட்சிக்காகச் சொல்லல, சட்டத்துக்காகச் சொல்றேன். ஜீப் ரோடு கேரளாவுல சூரியநெல்லியிலிருந்து போகுது, ஆனா உச்சி தேனி மாவட்டம், போடி வட்டம். இந்து திருமணச் சட்டத்துல 1967-ல் சேர்த்த 7-ஏ பிரிவு தமிழ்நாட்டுக்கானது. புரோகிதரும் வேண்டாம், அக்னியும் வேண்டாம். சொந்தமோ நட்போ பார்த்திருக்க, மாலை மாத்தினாலோ மோதிரம் போட்டாலோ தாலி கட்டினாலோ கல்யாணம் செல்லும். அதே தாலியை சூரியநெல்லி ரிசார்ட் புல்வெளியில கட்டினா அது கேரளா, 7-ஏ உதவாது. வழக்கமான சடங்குப்படிதான் நடக்கணும்.

மறையூர்_மலர்: செல்லும்ங்கிறது சரிண்ணே. பதிவுக்குப் போகும்போது எதைக் காட்டுவாங்க? மண்டப ரசீது, கோயில் ரசீது எதுவும் இல்லாம சார்பதிவாளர் முன்னாடி நின்னா கேள்வி வரும். பதிவு ஆபீஸ்ல அதிகாரி முன்னாடியே கல்யாணத்தை முடிக்கிற 1954 தனித் திருமணச் சட்டத்துல போகலாம். அறிவிப்பு கொடுத்து 30 நாள், மூணு சாட்சி, அறிவிப்பிலிருந்து மூணு மாசத்துக்குள்ள முடிக்கணும், அவ்வளவுதான். சான்றிதழ் கையில இருந்தா மலையில பனி மூடினாலும் கவலையில்ல, இன்னொரு நாள் ஏறிக்கலாம்.

போடிமெட்டு: அந்த 30 நாள் அறிவிப்பு ஆபீஸ் பலகையில தொங்கும்மா. இவங்களுக்கு அது பரவாயில்லைன்னு வைங்க, வீட்டு எதிர்ப்போட பண்றவங்களுக்கு அதுவே வினை. ரெண்டுல ஒருத்தராவது அந்த மாவட்டத்துல 30 நாள் குடியிருந்திருக்கவும் வேணும். கூடுதல் கட்டணம் கட்டினா அதிகாரி நியாயமான தூரத்துக்குள்ள வெளியிடத்துக்கும் வரலாம்னு சட்டத்துல இருக்கு. போடியிலிருந்து மெட்டு ஏறி, கேரளாவைச் சுத்தி, விடியக்காலம் ஜீப்புல குலுங்கி எந்த ஆபீசர் வருவார்? பதிவுக்குச் சின்னதா ஒரு அழைப்பிதழ் அடிச்சா போதும். அதுல ‘கொழுக்குமலை, போடிநாயக்கனூர் வட்டம், தேனி மாவட்டம்’னு முழுசாப் போடுங்க. 90 நாளுக்குள்ள பதியணும். விட்டா அடுத்த 60 நாள் கூடுதல் கட்டணத்தோட.

சித்தூர்_செல்வன்: கண்டிக்கோட்டாவை ஏன் தள்ளுறீங்க? பெண்ணாறு பிளந்த செம்பாறைப் பள்ளத்தாக்கு, ஜனவரியில பனிமூட்டத் தொல்லை கம்மி, கார் கோட்டை வரைக்கும் போகும். ஆனா கோட்டை தொல்லியல் துறைப் பாதுகாப்புல இருக்கு, எழுத்து அனுமதி இல்லாம உள்ள எந்த விழாவும் கூடாது. விளிம்புல கம்பிவேலியை நம்பாதீங்க. பட்டுப்புடவையோட பாறை நுனிக்குப் போகவே கூடாது. எட்டரைக்கு மேல நிழலும் கிடையாது.

மறையூர்_மலர்: அப்ப அங்கயும் ஆபீஸ் கல்யாணம்தான் முதல்ல, 7-ஏ ஆந்திராவுக்குக் கிடையாதே.

கொழுக்குமலைதான்னா இதைக் குறிச்சுக்கோங்க. கேமராக்காரரோட பத்துப் பேர், ஜீப்புக்கு ஆறு பேர், ரெண்டு ஜீப். சொந்தக் கார் அந்தக் கல்லுப் பாதையில ஏறாது. கர்ப்பிணி, முதுகுவலிக்காரங்க வேண்டவே வேண்டாம். உதயம் ஆறரைக்கு மேல, நாலு மணிக்கே கிளம்பணும். வியாழன் ஆறிலிருந்து ஏழரை எமகண்டம், திங்கள் ஏழரைக்கு ராகுகாலம். பெரியவங்க பார்ப்பாங்கன்னா அந்த ரெண்டு நாளை விட்டுடுங்க. அங்க இருக்கிற தேயிலைத் தோட்டம் தனியார் சொத்து, நிர்வாகத்துக்கிட்ட முன்கூட்டியே கேட்கணும்.

மாலையை முந்தின நாளே தேனியில வாங்கி ஈரத்துணியில சுத்தி வைங்க, விடியக்காலம் சூரியநெல்லியில பூக்கடை திறந்திருக்காது. சம்பங்கியை நெருக்கமாக் கட்டச் சொல்லுங்க, ரோஜா இதழ் மாலை காத்துல கொட்டிடும். குத்துவிளக்கு நிக்காது, கண்ணாடிக்கூண்டு விளக்குதான். ஹோமம் கூடவே கூடாது, காஞ்ச புல்லுல ஒரு பொறி போதும். குளிர்ல இருந்த கேமராவைச் சூடான அறைக்குள்ள உடனே வெளிய எடுக்காம பையிலயே வைக்கணும், குளிர்லருந்து சூட்டுக்கு எடுத்தா லென்சுல நீர் படியும். பேட்டரியை மட்டும் சட்டைப்பையில.

கம்பம்_கதிர்: ஜீப் கேரளா வழிதான்னா குரங்கணியிலிருந்து நடந்தே ஏறிடலாமே? எல்லாம் தமிழ்நாட்டுக்குள்ளயே முடியும்.

போடிமெட்டு: 2018 மார்ச் காட்டுத்தீ அந்தப் பாதையிலதான், இருபதுக்கும் மேல உயிர் போச்சு. வனத்துறை அனுமதியில்லாம அந்தப் பக்கம் கால் வைக்காதீங்க. இருட்டுல, கல்யாணப் புடவையோட? பேச்சே வேண்டாம். ட்ரோனும் அப்படித்தான், 250 கிராமுக்குக் கீழன்னாலும் வனத்துறை தடுத்தா தடுத்ததுதான்.

மறையூர்_மலர்: நான் இன்னமும் ஆபீஸ் பக்கம்தான். ஆனா உச்சியிலதான்னு முடிவு பண்ணிட்டா, தாலி கட்டும்போது ரெண்டு செல்போன்ல இருப்பிடம் பதிவாகிற மாதிரி படம் எடுங்க. ரிசார்ட்ல எடுத்த படத்தோட கலந்துடாம அதைத் தனியா அச்சுப் போட்டு சார்பதிவாளருக்கு எடுத்துட்டுப் போங்க.