காவிரித் தீர்ப்பு: வென்றது யார்?

கடைமடையான்:
காவிரி வழக்கில் உச்ச நீதிமன்றம் தந்த 2018 பிப்ரவரி 16 தீர்ப்பைத் தமிழ்நாட்டுக்கு வெற்றி என்று ஒருவர் எழுதியிருந்தார். 2007இல் காவிரி நடுவர் மன்றம், மாநில எல்லையில் உள்ள பிலிகுண்டுலுவில் கர்நாடகம் ஆண்டுக்கு 192 டிஎம்சி (ஒரு டிஎம்சி என்றால் நூறு கோடி கனஅடி) விடச் சொன்னது. உச்ச நீதிமன்றம் அதை 177.25 ஆக்கியது. 14.75 போனதா வெற்றி?

பெங்களூர்வாசி:
அதில் 4.75 பெங்களூர் குடிநீருக்கு. இங்கே இருக்கும் தமிழர்களும் அதே குழாயில்தான் பிடிக்கிறோம். மீதி 10 டிஎம்சி, டெல்டாவில் நிலத்தடி நீர் இருப்பதால் குறைத்தது. உங்கள் காலடியில் இருக்கும் தண்ணீரைக் கணக்கில் சேர்க்கக் கூடாதா?

கடைமடையான்:
வேதாரண்யம் பக்கம் வந்து ஒரு போர் போட்டுப் பாருங்கள் அண்ணே. வருவது உப்புத் தண்ணீர். அதைப் பாய்ச்சினால் பயிரும் போகும், நிலமும் போகும். தஞ்சாவூரில் மோட்டார் ஓடுகிறதே என்று கடற்கரை ஓரத்து ஊர்களுக்கும் சேர்த்துக் கணக்குப் போட்டால்?

வக்கீல் குமாஸ்தா:
இருவருமே ஆண்டுக்கு மொத்தம் எவ்வளவு என்ற கணக்கிலேயே நிற்கிறீர்கள். நல்ல மழை ஆண்டில் கர்நாடகத்தின் கேஆர்எஸ், கபினி அணைகள் நிரம்பினால் தீர்ப்பே இல்லாமலும் தண்ணீர் வரும். மழை பொய்த்தால் பற்றாக்குறையை அவரவர் பங்குக்கு ஏற்பப் பகிர வேண்டும் என்பதோடு நடுவர் மன்றம் நின்றுவிட்டது. பற்றாக்குறை எவ்வளவு, அதை எப்படி அளப்பது? 1990இல் அமைத்த மன்றம், 28 வருட வழக்கு, அப்புறமும் இதற்கு இரு தரப்பும் ஏற்ற சூத்திரம் இல்லை. 2023இல் விநாடிக்கு 5,000 கனஅடி தண்ணீருக்காக மறுபடி உச்ச நீதிமன்றப் படியேறியது அதனால்தான்.

பெங்களூர்வாசி:
சரி, அதை ஒப்புக்கொள்கிறேன். ஆனால் ஜூனில் 9.19 டிஎம்சி, ஜூலையில் 31.24 என்று மாதவாரியாகக் கேட்கிறீர்கள். காவிரி பிறக்கும் குடகில் மழை தள்ளிப்போனால் மண்டியா விவசாயி எதை விடுவார்?

கடைமடையான்:
மண்டியாக்காரர் மேல் எனக்குக் கோபமில்லை, அவரும் நாற்று விட்டுவிட்டு வானத்தைப் பார்ப்பவர்தான். ஆனால் குறுவைக்கு ஜூன், ஜூலையில் தண்ணீர் வேண்டும். ஆகஸ்டில் வெள்ளமாக வந்து கொள்ளிடம் வழியாகக் கடலுக்குப் போனதையும் ‘கொடுத்தாயிற்று’ கணக்கில் எழுதுகிறார்களே, அதைத்தான் கேட்கிறேன். மீதி அப்புறம். எங்கள் வாய்க்காலுக்கு இன்று முறை, மடை திறக்கப் போகிறேன்.