தண்ணீர் ஊற்றும் கணக்கில் இடறும் இடங்கள்

விடைத்தாள்களில் ஓயாமல் கண்ணில் படுவது இதுதான். 300 மி.லி. கரைசலில் 40% அமிலம். அதை 25% ஆக்க எவ்வளவு தண்ணீர்? 40-இல் 25 போனால் 15, 300-க்கு 15% என்றால் 45 மி.லி. என்று முடித்துவிடுகிறார்கள். 45 ஊற்றிப் பாருங்கள்: அமிலம் 120, மொத்தம் 345, செறிவு சுமார் 34.8%. அந்த 40% எடுத்தது 300-க்கு, 25% எடுக்க வேண்டியது இன்னும் தெரியாத மொத்தத்துக்கு. இரண்டையும் நேரடியாகக் கழிக்கவே கூடாது.

தண்ணீரை விட்டுவிட்டு அமிலத்தைப் பிடியுங்கள். 300-இல் 40% என்றால் 120 மி.லி.; எவ்வளவு தண்ணீர் ஊற்றினாலும் அது 120தான். புதுக் கரைசலில் அது கால் பங்கு என்றால் மொத்தம் 480. ஊற்ற வேண்டியது 480 − 300 = 180 மி.லி. சமன்பாடாக எழுதினால் 120 = 0.25 × (300 + x). அடைப்புக்குறிக்குள் 300-ஐ மறந்தால் x = 480 என்று வரும். அது தண்ணீர் அல்ல, மொத்தம். இந்தப் பிழையும் ஏராளம்.

*

அலிகேஷன் முறையில் (இரு செறிவுகளும் வேண்டிய செறிவிலிருந்து எவ்வளவு தள்ளியிருக்கின்றன என்பதை வைத்துக் கலவை விகிதம் காணும் முறை) செய்பவர்கள் தண்ணீரை 0% கரைசலாக எடுக்கலாம். 25 − 0 = 25 பங்கு கரைசல், 40 − 25 = 15 பங்கு தண்ணீர்; அதாவது 5 : 3. 300-ஐ ஐந்தாக்கினால் பங்குக்கு 60, தண்ணீர் 180. பங்கை மாற்றிப் போட்டால் 500 வரும். அதைப் பிடிக்க ஒரு வழி: சம அளவு தண்ணீர் ஊற்றினால் 40 பாதியாகி 20 ஆகும். நமக்கு வேண்டிய 25 அதற்கு மேலே இருக்கிறது, எனவே தண்ணீர் 300-ஐத் தாண்டவே முடியாது.

*

தாளை விட்டுக் கையால் கலக்கும்போது '1:10' என்ற எழுத்துதான் எமன். 5% குளோரின் கரைசலை 0.5% ஆக்க வேண்டும் என்று வையுங்கள். ஒரு பங்கு கரைசலுக்கு 9 பங்கு தண்ணீர், மொத்தம்தான் 10. பத்துப் பங்கு தண்ணீரே ஊற்றினால் 5 ÷ 11, சுமார் 0.45%. இருக்கும் செறிவை வேண்டிய செறிவால் வகுத்து ஒன்றைக் கழித்தால் தண்ணீரின் பங்கு கிடைக்கும். 0.05% வேண்டுமென்றால் 99.

*

ஆல்கஹாலில் இன்னொரு சிக்கல். 50 மி.லி. எத்தனாலோடு 50 மி.லி. தண்ணீர் சேர்த்தால் 100 வராது, 96 சொச்சம்தான் வரும். கன அளவுகளைக் கூட்டும் கணக்கு அங்கே சற்றுப் பிசகும். எடையில் போட்டால் பிசகாது. உலக சுகாதார நிறுவனத்தின் கைத்தேய்ப்புத் திரவச் செய்முறையில் 96% எத்தனால் 8333 மி.லி., 3% ஹைட்ரஜன் பெராக்சைடு 417, 98% கிளிசரால் 145. தண்ணீருக்கு மட்டும் அளவே கிடையாது. மொத்தம் 10 லிட்டர் ஆகும்வரை ஊற்று என்கிறது. 8333 × 0.96 = 8000, அதாவது 80%. திட்டக்குடுவையில் (கழுத்தில் அளவுக்கோடு உள்ள ஆய்வகக் குடுவை) கோடு வரை நிரப்புவதும் இதனால்தான்.

அடர் கந்தக அமிலம் என்றால் வரிசையும் முக்கியம்: தண்ணீரில் அமிலத்தைக் கொஞ்சம் கொஞ்சமாக விடணும். மாற்றி ஊற்றினால் மேலே விழும் தண்ணீர் கலக்கும்போது எழும் சூட்டில் கொதித்து அமிலத்தோடு தெறிக்கும்.

*

எடுத்து ஊற்றும் கணக்கு இதிலிருந்து வேறு. 40 லிட்டர் தூய திரவத்தில் 4 லிட்டர் எடுத்து 4 லிட்டர் தண்ணீர், இப்படி மூன்று முறை. 12-ஐக் கழித்து 28 என்பது தவறு. இரண்டாம் முறை எடுக்கும் நாலில் அசல் 3.6, மூன்றாம் முறை 3.24. மிச்சம் 40 × 0.9 × 0.9 × 0.9 = 29.16 லிட்டர்.