நாலாம் வகுப்பு மகள் பல படிகள் உள்ள கணக்கில் பாதியிலேயே நின்றுவிடுகிறாள்

காரைக்குடியில் இருக்கிறோம், மகள் நாலாம் வகுப்பு, தமிழ் மீடியம். கூட்டல், கழித்தல், 12 வரை வாய்ப்பாடு எல்லாம் சுத்தம். ஆனால் ஜூனில் பள்ளி திறந்ததிலிருந்து வாக்கியக் கணக்கு மட்டும் வரவில்லை.

நேற்று நானே ஒன்று போட்டுக் கொடுத்தேன்: 'ஓர் அறைக்கு 12 வரிசை, வரிசைக்கு 15 ஆத்தங்குடிக் கல். கையில் 140 கல் இருக்கிறது. ஒரு கல் 30 ரூபாய் என்றால், மீதிக் கல் வாங்க எவ்வளவு ஆகும்?' 12-ஐ 15-ஆல் பெருக்கி 180 என்று எழுதிவிட்டு முடிந்தது என்கிறாள். 180-இல் 140 போக 40, அதை 30-ஆல் பெருக்கினால் 1200 என்று போகவே இல்லை. தனித்தனியாகக் கேட்டால் மூன்றுமே சரியாகச் சொல்கிறாள், அதுதான் எனக்குப் புரியவில்லை.

'மொத்தம்' என்றால் கூட்டு, 'மீதி' என்றால் கழி என்று சொல்லிக் கொடுத்தேன், அது இன்னும் குழப்பிவிட்டது, வார்த்தையைப் பார்த்ததும் கணக்கைப் படிக்காமலே கழிக்கிறாள். எண்களைச் சின்னதாக்கிப் பார்த்தேன். கட்டம் வரைந்தும் காட்டினேன், நான் வரைந்தால் புரிகிறது, அவளாக வரைய வரவில்லை. அப்புறம், பக்கத்தில் உட்கார்ந்து 'இப்போ என்ன தெரிஞ்சுது, இன்னும் என்ன தெரியணும்?' என்று கேட்டால் முழுசாகப் போட்டுவிடுகிறாள்.

அந்தக் கேள்வியை நான் இல்லாமல் அவளே தன்னைக் கேட்டுக்கொள்ள எப்படிப் பழக்குவது?