காட்ஜில்லா உடைக்குள் இருந்தவரை நடிகர் என்று சொல்லலாமா?

கேள்வி:
1954-இல் வந்த முதல் காட்ஜில்லா படத்தை, அந்த ஜப்பானிய ராட்சத விலங்குப் படத்தை, நேற்று இரவுதான் பார்த்தேன். டோக்கியோவின் கின்சா பகுதி மணிக்கூண்டு அடித்ததும் காட்ஜில்லா கோபமாகத் திரும்புகிற இடத்தில் எனக்குச் சிலிர்த்துவிட்டது. ரப்பர் உடைக்குள் ஒரு மனிதர் என்று தெரிந்தும்தான். முகமே காட்டாத அவரை நடிகர் என்று சொல்லலாமா?

பதில் 1:
தாராளமாகச் சொல்லலாம். அவர் ஹருவோ நகாஜிமா. படத்தில் இன்னொருவரும் அந்த உடையைப் போட்டிருக்கிறார், ஆனால் பெரும்பகுதி இவர்தான். அதே ஆண்டில் வந்த 'ஏழு சாமுராய்' படத்திலும் கொள்ளைக்காரர்களில் ஒருவராகச் சின்னதாக வந்து போவார்.

முதலில் செய்த உடை ஏறக்குறைய 100 கிலோ. அதைப் போட்டுக்கொண்டு பத்து மீட்டர் நடப்பதே பெரும்பாடு. மேலே விளக்குகளின் சூடு, உள்ளே காற்றில்லை, கழற்றினால் வியர்வை கொட்டும். இதற்கு நடுவில் அவர் நடையைப் பற்றி யோசித்திருக்கிறார் பாருங்கள், அதுதான் எனக்குப் பெரிய விஷயம். உயேனோ மிருகக்காட்சி சாலைக்குப் போய் யானையும் கரடியும் எப்படி அடி எடுத்து வைக்கின்றன என்று நின்று பார்த்திருக்கிறார்.

இன்னொன்று. பொம்மைக் கட்டடம் உண்மையான கட்டடம் போலக் கனமாகச் சரிய வேண்டும் என்பதற்காகக் கேமராவுக்குள் படச்சுருளை வேகமாக ஓட்டி எடுப்பார்கள். அதைச் சாதாரண வேகத்தில் காட்டும்போது திரையில் எல்லாமே மெதுவாகிவிடும், அவருடைய அசைவும் சேர்த்துத்தான். ஆக, திரையில் எப்படித் தெரியும் என்று உள்ளேயே கணக்குப் போட்டு அசைய வேண்டும். 1972 வரை 12 படங்களில் காட்ஜில்லா அவர்தான். ரோடான், மோத்ராவின் புழு, 1967-இல் கிங் காங் என்று அவர் போட்ட மற்ற ராட்சத வேடங்கள் எல்லாம் தனி.

பதில் 2:
மேலே பதில் சொன்ன அண்ணன் தொலைக்காட்சித் தொடர்களைச் சொல்லாமல் விட்டுவிட்டார். காட்ஜில்லாவின் தந்திரக் காட்சிகளை இயக்கிய எய்ஜி சுபுராயாவின் நிறுவனம் 1966-இல் எடுத்த 'அல்ட்ரா க்யூ' தொடரின் முதல் பகுதியில் வரும் கோமெஸ் என்ற ராட்சத விலங்கு, காட்ஜில்லா உடையைத்தான் மாற்றி ஒட்டுப்போட்டுச் செய்தது. உள்ளே நகாஜிமாவேதான். அப்புறம் 'அல்ட்ராமேன்' தொடரின் பத்தாம் பகுதியில் ஜிராஸ் என்ற இன்னொரு ராட்சத விலங்கு. அதுவும் காட்ஜில்லா உடை, கழுத்தைச் சுற்றி விசிறி போல விரிந்த ஒரு பெரிய மடல் மட்டும் கூடுதல். சண்டையில் அல்ட்ராமேன் அந்த மடலைப் பிய்த்து எடுத்ததும் நம்ம பழைய காட்ஜில்லா நிற்கும். எத்தனை முறை பார்த்தாலும் எனக்கு அங்கே மனசு கனக்கும்.

1970-இல் எய்ஜி சுபுராயா இறந்தார். அதற்குப் பிறகு காட்ஜில்லா படங்களை எடுத்த டோஹோ நிறுவனம் ஆட்களைக் குறைத்தபோது, நகாஜிமாவைப் பந்து உருட்டி விளையாடும் பவுலிங் கூடத்தில் வேலைக்குப் போட்டார்கள். இதைப் படித்த அன்று எனக்குத் தூக்கமே வரவில்லை.

கேட்டவர்:
இருவருக்கும் நன்றி. அவருடைய படங்களில் அடுத்து எதைப் பார்க்கட்டும்?

பதில் 1:
1966-இல் வந்த 'சாண்டா எதிர் கைரா'. பச்சை அரக்கன் கைரா அவர்தான். அந்த முகமூடியில் கண் இருக்கும் இடம் திறந்திருக்கும், தெரிவது நகாஜிமாவின் சொந்தக் கண். சரி, அமெரிக்கப் பதிப்பு வேண்டாம், ஜப்பானியப் பதிப்பையே தேடிப் பாருங்கள்.